கட்டம் கட்டமாகத் தெரிகிறதா? எடைக்குப் போட அவசரம் வேண்டாம்!

போன இதழில் மிக்ஸி பிளேடைச் சாணை பிடிப்பது பற்றி எழுதியிருந்தேன் அல்லவா? அதைப் படித்துவிட்டுப் பண்ருட்டிச் சகோதரி ஒருவர் கேட்டிருக்கிறார்: "மிக்ஸி இருக்கட்டும்க்கா. எங்க வீட்டுல ஒரு பழைய லேப்டாப் இருக்கு. இன்டர்நெட் திறந்தா பாதிப் பக்கம் கறுப்பாயிடுது, எழுத்தெல்லாம் கட்டம் கட்டமா உடையுது. வீட்டுக்காரர் எடைக்குப் போடுன்னு சொல்றார். போடலாமா?"

வேண்டாம், தங்கச்சி! கொஞ்சம் பொறுங்கள். எடைக்குப் போட்டால் சில நூறு ரூபாய் கிடைக்கும். அதே சாமானைப் புதிதாக வாங்கப் போனால் ஒரு பவுன் சங்கிலி அடகுக் கடைக்குப் போய்விடும். நோய் என்னவென்று பார்க்காமலே ஆளைத் தூக்கிப் போடுவார்களா?

இந்தக் கேள்வி நம் பக்கத்து வீடுகளில் நிறையவே இருக்கும். 2011 செப்டம்பர் 15-ஆம் தேதி திருவள்ளூர் மாவட்டம் காக்களூரில் அன்றைய முதல்வர் ஜெயலலிதா தொடங்கி வைத்த இலவச மடிக்கணினித் திட்டத்தில் பிளஸ் டூ பிள்ளைகளுக்கும் கல்லூரிப் பிள்ளைகளுக்கும் லட்சக்கணக்கில் லேப்டாப் கொடுத்தார்கள். எல்காட் நிறுவனம் மூலமாக வாங்கிக் கொடுத்தது. படித்த பிள்ளைகள் வேலைக்கும் மாமியார் வீட்டுக்கும் போய்விட்டார்கள். லேப்டாப் மட்டும் பட்டுப் புடவைக்கு அடியில் பீரோவில் தூங்குகிறது. எங்கள் தெருவிலேயே ஏழெட்டு இருக்கும். எங்கள் வீட்டில் இருப்பது என் நாத்தனார் பெண்ணுக்கு 2012-ல் கிடைத்தது. அவள் கல்யாணமாகிப் போனபிறகு எங்களிடம் வந்தது. இப்போது என் சின்னவன் அதில்தான் படிக்கிறான். மாதாமாதம் எங்கள் சுய உதவிக் குழுக் கணக்கையும் அதில்தான் எழுதுகிறோம்.

சரி, நோய்க்கு வருவோம். முதலில் ஒரு சின்ன விஷயம். குழந்தை கை பட்டு எழுத்து பெரிசாகிப் பக்கம் கோணல் மாணலாகத் தெரிந்தால் அது நோயே இல்லை. கண்ட்ரோல் சாவியை அழுத்திக்கொண்டு பூஜ்யத்தைத் தட்டினால் பழைய அளவுக்கு வந்துவிடும். இதற்குப் போய் ஐந்நூறு ரூபாய் வாங்கிய கடையையும் நான் அறிவேன்! அதேபோல ஒரே ஒரு தளம் மட்டும் உடைந்து தெரிந்து, மற்றதெல்லாம் நன்றாக இருந்தால் உங்கள் லேப்டாப்பைத் திட்டாதீர்கள். அந்தப் பக்கத்தை கண்ட்ரோலும் எஃப் ஐந்தும் சேர்த்து அழுத்திப் புதிதாக வரவழையுங்கள். அப்படியும் சரியாகவில்லை என்றால் குரோமில் இன்காக்னிடோ ஜன்னலில் திறந்து பாருங்கள். அங்கே சரியாகத் தெரிந்தால், பிள்ளைகள் எதையோ எக்ஸ்டென்ஷன் என்று சேர்த்து வைத்திருக்கிறார்கள், அதுதான் விஷமம் செய்கிறது. இல்லாவிட்டால் பழைய குப்பை சேர்ந்திருக்கிறது. இரண்டையும் துடைத்துப் போடலாம்.

எல்லாப் பக்கத்திலும் கறுப்புக் கட்டம், மேலும் கீழும் நகர்த்தும்போது படம் கிழிந்தாற்போல் இழுபடுவது, சட்டென்று முழுத் திரையும் வெள்ளையாகிப் போவது, மின்னி மின்னித் தெரிவது - இவைதான் நம் பண்ருட்டிச் சகோதரி சொல்லும் நோய். இது ஏன் வருகிறது தெரியுமா?

எங்கள் திருவந்திபுரத்தில் முகூர்த்த நாள் என்றால் கேட்கவே வேண்டாம். தேவநாதசுவாமி கோயிலில் ஒரே நாளில் எத்தனையோ ஜோடிகளுக்குக் கல்யாணம் நடக்கும். சுற்றியுள்ள மண்டபங்களில் விடிய விடிய சமையல். அந்தச் சமையல் கட்டை நினைத்துக்கொள்ளுங்கள். தலைமைச் சமையல்காரர் எல்லாக் காய்கறியையும் தானே நறுக்க மாட்டார். காய் நறுக்க என்றே கைவேகமான ஆட்கள் இருப்பார்கள். நடுவில் ஒரு மேஸ்திரி நின்று, "அவியலுக்கு நீளமா, கூட்டுக்குப் பொடியா" என்று எடுத்துச் சொல்வார்.

லேப்டாப்புக்குள்ளும் இதே கதைதான். பிரவுசர் என்பது சமையல்காரர். படம் வரைகிற வேலையை கிராபிக்ஸ் சிப் என்ற கைவேகமான ஆளிடம் தள்ளிவிடும். இதற்குத்தான் ஹார்டுவேர் ஆக்சிலரேஷன் என்று பெரிய பெயர் வைத்திருக்கிறார்கள். நடுவில் நிற்கும் மேஸ்திரிக்குப் பெயர் டிரைவர். (கார் ஓட்டுகிறவர் இல்லை!) இப்போது பாருங்கள், பிரவுசர் சில வாரங்களுக்கு ஒரு முறை புதுசாகிக்கொண்டே இருக்கிறது. நம் லேப்டாப்பின் டிரைவரோ, அதைச் செய்த கம்பெனி கைகழுவிவிட்டதால், பத்து வருஷத்துக்கு முந்தின பாஷையிலேயே நிற்கிறது. சமையல்காரர் ஒன்று சொல்ல, மேஸ்திரி ஒன்று புரிந்துகொள்ள, கத்தரிக்காய் வேறு மாதிரி நறுக்கப்பட்டு வருகிறது. அதுதான் உங்கள் திரையில் தெரியும் கறுப்புக் கட்டம். ஆளும் சாகவில்லை, அடுப்பும் அணையவில்லை!

அப்படியானால் மருந்து என்ன? மேஸ்திரியே வேண்டாம், நீயே நறுக்கிக்கொள் என்று சமையல்காரரிடம் சொல்லிவிட வேண்டியதுதான். குரோமில் வலது பக்க மூலையில் மேலே மூன்று புள்ளி இருக்கும். அதைத் தட்டி செட்டிங்ஸ் போங்கள். இடப்பக்கப் பட்டியலில் சிஸ்டம் என்று இருக்கும். அதற்குள் கிராபிக்ஸ் ஆக்சிலரேஷன் என்று ஒரு வரி, பக்கத்தில் ஒரு சுவிட்ச். அதை அணைத்துவிட்டு, அங்கேயே வரும் ரீலாஞ்ச் பொத்தானைத் தட்டுங்கள். பிரவுசர் ஒரு தடவை மூடித் திறக்கும். அவ்வளவுதான். பயர்பாக்ஸ் வைத்திருப்பவர்கள் செட்டிங்ஸில் ஜெனரல் பகுதியில் கீழே இறங்கிக்கொண்டே போனால் பெர்ஃபார்மன்ஸ் என்று வரும். முதலில் இருக்கும் டிக்கை எடுத்தால்தான் ஹார்டுவேர் ஆக்சிலரேஷன் என்ற இரண்டாவது டிக் கண்ணுக்குத் தெரியும். அதையும் எடுத்துவிட்டு, பிரவுசரை மூடித் திறங்கள்.

இதில் ஒரு நஷ்டமும் உண்டு, சொல்லிவிடுகிறேன். எல்லா வேலையும் ஒரே ஆள் தலையில் விழுவதால் வீடியோ கொஞ்சம் திக்கும், பெட்டியும் சற்றுச் சூடாகும். படத்தின் தரத்தை ஒரு படி குறைத்து வைத்துப் பார்த்தால் சமாளிக்கலாம். பாரம் நிரப்ப, பாடம் படிக்க, கணக்கு எழுத ஒரு குறையும் தெரியாது.

அவசரத்துக்கு இன்னொரு கைவைத்தியம். விண்டோஸ் 10-ல் வேலை நடுவில் திரை குழம்பிப் போனால், விண்டோஸ் சாவி, கண்ட்ரோல், ஷிப்ட் மூன்றையும் அழுத்திக்கொண்டு பி என்ற எழுத்தைத் தட்டுங்கள். திரை ஒரு நொடி கறுத்து மீண்டும் வரும். மேஸ்திரியைத் தட்டி எழுப்பிய மாதிரி. எழுதிக்கொண்டிருந்தது எதுவும் போகாது.

வேறு ஒரு வழக்கும் உண்டு. யாரோ லேப்டாப்பை பார்மட் செய்து கொடுத்திருப்பார்கள், டிரைவரைப் போடவே மறந்திருப்பார்கள். டிவைஸ் மேனேஜரைத் திறந்து டிஸ்ப்ளே அடாப்டர்ஸ் என்ற இடத்தில் பாருங்கள். அங்கே மைக்ரோசாப்ட் பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர் என்று இருந்தால், மேஸ்திரி வேலைக்கே வரவில்லை என்று அர்த்தம். லேப்டாப் செய்த கம்பெனியின் தளத்திலேயே மாடல் நம்பரைக் கொடுத்து இறக்கிப் போடலாம். கண்ட கண்ட இடத்தில் "டிரைவர் இலவசம்" என்று விளம்பரம் வந்தால் தொடாதீர்கள்.

எங்கள் எதிர் வீட்டு அம்மா கோயில் வாசலில் பூக்கடை வைத்திருக்கிறார். வீட்டுக்காரர் இல்லை. ஒரே பெண், நன்றாகப் படிக்கிறவள். பிளஸ் டூ முடித்து இன்ஜினீயரிங் கவுன்சலிங்குக்கு நின்றாள். 2018-லிருந்து அந்தக் கவுன்சலிங் எல்லாம் ஆன்லைன்தானே? எந்தக் கல்லூரி, எந்தப் பாடம் என்று வரிசையாகத் தேர்ந்தெடுத்து வைக்க இரண்டு மூன்று நாள்தான் கெடு. அந்த நேரம் பார்த்துப் பழைய லேப்டாப்பில் பக்கம் பாதி கறுத்துப் போய், கல்லூரிப் பெயர் தெரிகிறது, பக்கத்தில் தட்ட வேண்டிய பொத்தான் தெரியவில்லை. போன் சின்னது. முந்நூறு கல்லூரியை அதில் தள்ளித் தள்ளிப் பார்த்து வரிசை மாற்றிவிட்டால் நாலு வருஷப் படிப்பல்லவா மாறிப்போகும்?

கடையில் காட்டினார்கள். "மதர்போர்டு போச்சும்மா, புதுசு வாங்கிடுங்க" என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டார்கள். அந்த அம்மா சங்கிலியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டுதான் எங்கள் வீட்டுக்கு வந்தார். "அக்கா, கூட வர்றீங்களா, அடகுக் கடைக்குத் தனியாப் போக ஒரு மாதிரியா இருக்கு" என்றார்.

சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் படித்த என் அக்கா பையன் எனக்கு ஒரு பரீட்சை சொல்லிக் கொடுத்திருந்தான். திரை குழம்பியிருக்கும்போதே ஸ்கிரீன் ஷாட் எடுத்து, அதை வேறொரு போனுக்கு அனுப்பிப் பார்க்க வேண்டும். போனில் பார்க்கும்போதும் அந்தக் கறுப்புக் கட்டம் இருந்தால், குறை உள்ளே வரையும் இடத்தில். போனில் படம் சுத்தமாகத் தெரிந்தால், குறை பெரும்பாலும் கண்ணாடித் திரையில் அல்லது அதற்குப் போகும் கேபிளில். அந்தப் பெண்ணை எடுத்து அனுப்பச் சொன்னேன். என் போனிலும் கறுப்புக் கட்டம்! பிரவுசரை மூடினால் மற்ற இடமெல்லாம் பளிச்சென்று இருந்தது. அந்தச் சுவிட்சை அணைத்தோம். பொத்தான்கள் எல்லாம் வரிசையாக வந்து நின்றன. அவளே உட்கார்ந்து அன்று இரவே பட்டியலைப் போட்டு முடித்தாள். அம்மா சங்கிலியை எங்கள் வீட்டுக் கண்ணாடி முன்னாலேயே மறுபடி போட்டுக்கொண்டார். காசு செலவு இல்லை. மறுநாள் ஒரு முழம் கதம்பம் எனக்கு லாபம்!

எல்லா லேப்டாப்புக்கும் இதே மருந்து பலிக்கும் என்று நான் சொல்ல வரவில்லை. லேப்டாப்பைப் போட்டவுடன், கம்பெனி பெயர் வரும்போதே கோடு கோடாகத் தெரிந்தால் பிரவுசருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. மூடியை முன்னும் பின்னும் அசைக்கும்போது கோடு வந்து வந்து போனால் கீல் பக்கத்துக் கேபிள் தேய்ந்திருக்கிறது. அது மாற்றக் கூடிய சாமான்தான். இன்னொன்று, பழைய லேப்டாப்புகளில் கிராபிக்ஸ் சிப் பெரும்பாலும் தனக்கென்று தனி நினைவு இல்லாமல் ராமில்தான் பங்கு போட்டுக்கொள்ளும். நம் கடலூர்ப் பக்கத்து உப்புக் காற்றுக்கு அந்த ராம் பட்டையின் காது கறுத்துப் போனால் அப்போதும் திரை குழம்பும். மெக்கானிக்குகள் அதைக் கழற்றிப் பென்சில் ரப்பரால் மெதுவாகத் தேய்த்துத் திரும்பப் போடுவதைப் பார்த்திருக்கிறேன். லேப்டாப்பை அணைத்து, சார்ஜர், பேட்டரி இரண்டையும் எடுத்த பிறகுதான் அதைத் தொட வேண்டும்.

படம் உடையவில்லை, ஆனால் பக்கம் அலங்கோலமாக இருக்கிறது, பொத்தானைத் தட்டினால் திறக்கவே இல்லை என்றால் அது வேறு நோய். 2012 வாக்கில் வந்தவற்றில் விண்டோஸ் 7 இருக்கும். குரோம் அதற்குக் கடைசியாகக் கொடுத்தது 109-ஆம் பதிப்பு, 2023 ஜனவரியில். அதற்குப் பிறகு தளங்கள் எழுதப்படும் விதம் மாறிவிட்டது. பழைய பிரவுசருக்கு அந்தப் புது எழுத்து புரியவில்லை. சுவிட்சை எத்தனை முறை அணைத்தாலும் அது சரியாகாது. அதேபோல தமிழ் எழுத்து மட்டும் வெறும் சதுரப் பெட்டியாகத் தெரிந்தால் எழுத்துரு இல்லை என்று அர்த்தம். விண்டோஸில் எக்ஸ்பி காலத்திலிருந்தே லதா என்று ஒரு தமிழ் எழுத்துரு உண்டு. யாராவது அழித்திருந்தால் திரும்பப் போட்டுக்கொள்ளலாம்.

இவ்வளவு தொல்லை எதற்கு, புதுசே வாங்கிவிடலாமே என்று நினைப்பவர்களுக்குச் சொல்கிறேன். என் அனுபவத்தில் பழைய லேப்டாப் பழைய பித்தளைப் பானை மாதிரி. ஈயம் பூசி ஈயம் பூசி உபயோகிக்கலாம். அடியில் ஒரு தாழ்ப்பாளைத் தள்ளினால் பேட்டரி தனியே கழன்று கையில் வரும். செத்துவிட்டதா, வேறு போடலாம். அல்லது அதை எடுத்து வைத்துவிட்டு சார்ஜரிலேயே ஓட்டலாம். நாலு ஸ்க்ரூவைக் கழற்றினால் ராம் தெரியும், ஹார்டு டிஸ்க் தெரியும். இப்போது வருகிற மெலிசு லேப்டாப்புகள் பலவற்றில் ராமைப் போர்டோடு சேர்த்துப் பற்றவைத்து விடுகிறார்கள்; பேட்டரிக்குப் பெட்டியையே பிரிக்க வேண்டும். ஒன்று போனால் எல்லாம் போச்சு.

எங்கள் வீட்டு லேப்டாப்பில் இருந்தது 2 ஜிபி ராம், 320 ஜிபி சுற்றுகிற டிஸ்க். திறந்து முடிப்பதற்குள் ஒரு டபரா காபி குடித்துவிடலாம். 2024-ல் மஞ்சக்குப்பத்தில் கொடுத்து, ராமை 4 ஜிபி ஆக்கி, டிஸ்க்கை மாற்றி எஸ்.எஸ்.டி. போட்டோம். இது சுற்றாது, சத்தம் கிடையாது, சூடும் குறைவு. கூடவே உள்ளே விசிறியில் அடைந்திருந்த தூசியையும் எடுத்தார்கள். அப்பப்பா, ஒரு பூனைக்குட்டி அளவுக்கு இருந்தது! புதுசு வாங்கியிருந்தால் ஆகும் செலவில் பத்தில் ஒரு பங்குகூட ஆகவில்லை. எங்கள் வீட்டு லேப்டாப் இப்போது ஒரு நிமிஷத்துக்குள் எழுந்து உட்காருகிறது. சாவிகளும் பழையவற்றில் நல்ல ஆழமாக இருக்கும். டைப் ரைட்டிங் கற்றவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

குழந்தைகள் கண்ணுக்கும் இது போனைவிட மேல் என்பது என் அபிப்பிராயம். மூக்குக்கு நேரே ஒரு சாண் தூரத்தில் போனைப் பிடித்துக்கொண்டு படிப்பதற்குப் பதில், மேஜை மேல் 14 அங்குலத் திரையை ஒரு கை தூரத்தில் வைத்து உட்கார்ந்து படிக்கிறார்கள் அல்லவா? ஆனால் மின்னுகிற திரையில் மட்டும் படிக்க விடாதீர்கள். தலைவலி, கண் எரிச்சல் என்று பிள்ளை சொன்னால் படிக்க சோம்பேறித்தனம் என்று ஏசுவதற்கு முன் திரையை ஒரு தடவை நீங்களே உட்கார்ந்து பாருங்கள்.

பழசில் நான் கறாராக இருப்பது ஒரே விஷயத்தில். விண்டோஸ் 7-க்குப் பாதுகாப்பு ஒட்டுப்போடுவதை 2020 ஜனவரி 14-ஆம் தேதியோடு நிறுத்திவிட்டார்கள். விண்டோஸ் 10-க்கும் 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு வழக்கமான ஒட்டு நின்றுவிட்டது. ஓட்டைக் கூரை வீட்டில் நகைப் பெட்டியை வைப்பீர்களா? அந்த மாதிரி லேப்டாப்பில் பேங்க் பாஸ்வேர்டைப் போடாதீர்கள். விண்டோஸ் 11 போடலாமே என்றால், இந்த வயது லேப்டாப்புகளை அது சேர்த்துக்கொள்வதில்லை.

அதற்குத்தான் லினக்ஸ் இருக்கிறது. அரசு லேப்டாப்பில் விண்டோஸுக்குப் பக்கத்திலேயே பாஸ் என்று ஒன்று இருந்ததே, ஞாபகம் இருக்கிறதா? நம் சென்னையிலுள்ள சி-டாக் நிறுவனம் உருவாக்கிய லினக்ஸ்தான் அது. அன்றைக்குப் பிள்ளைகள் அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. இன்று பழைய லேப்டாப்புக்கு உயிர் கொடுக்க லினக்ஸைத்தான் தேடுகிறார்கள்! எங்கள் வீட்டில் அக்கா பையன் லினக்ஸ் மின்ட் போட்டுக் கொடுத்தான். காசு கிடையாது. பிரவுசர் புதுசாகவே வருகிறது. பழைய கிராபிக்ஸ் சிப்புகளுக்கான டிரைவர்களும் பெரும்பாலும் அதிலேயே சேர்ந்து வந்துவிடுகின்றன. எங்கள் வீட்டில் ஆக்சிலரேஷன் சுவிட்சை மறுபடி போட்டே ஓட்டுகிறோம், கறுப்புக் கட்டம் எட்டிப் பார்க்கவில்லை. மாற்றுவதற்கு முன் பழைய போட்டோக்களைப் பென் டிரைவில் எடுத்து வைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் வீட்டில் யுத்தம்தான்.

பீரோவிலிருந்து எடுத்ததும் சார்ஜரைச் சொருகப் பறக்காதீர்கள். முதலில் அடிப்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். பேட்டரி இருக்கும் இடம் அப்பளம் மாதிரி உப்பியிருந்தாலோ, விரலால் தேய்க்கும் பட்டை மேலே தூக்கியிருந்தாலோ மின்சாரமே கொடுக்கக் கூடாது. அந்தப் பேட்டரி தீப்பிடிக்கக் கூடியது. குத்தாதீர்கள், அழுத்தாதீர்கள், குழந்தை கையில் கொடுக்காதீர்கள். குப்பைத் தொட்டியிலும் பழைய இரும்புக்காரரிடமும் போடாமல், மின் கழிவு வாங்குகிற இடத்தில் அல்லது பேட்டரி மாற்றித் தரும் கடையில் கொடுத்துவிடுங்கள். உப்பாமல் இருந்தால், துடைத்து, மேஜை மேல் வைத்து, சார்ஜ் ஏறும் முதல் ஒரு மணி நேரம் பக்கத்திலேயே ஏதாவது கீரை ஆய்ந்துகொண்டு உட்கார்ந்திருங்கள். மெத்தையிலும் தலையணையிலும் வைத்தால் அடியில் உள்ள காற்றுத் துளை அடைத்துக்கொள்ளும். மடியில் வைத்து மணிக்கணக்கில் வேலை செய்தால் தொடையில் வலை மாதிரி சிவந்த தழும்பு விழும். மடிக்கணினி என்ற பெயரை நம்பிவிடாதீர்கள். எங்கள் வீட்டில் பழைய சப்பாத்திப் பலகை ஒன்றின் மேல்தான் வைத்திருக்கிறோம்.